போன் லோகோவிலேயே சுத்துதா? ‘ரீசெட்’ அழுத்தும் முன் ஒரு நிமிஷம்!

தூங்கப் போகும் நேரம். போனில் அப்டேட் வந்திருக்கிறது. ‘இன்ஸ்டால்’ கொடுத்து, சார்ஜில் போட்டுவிட்டுப் படுத்துவிடுகிறீர்கள். காலையில் அலாரம் அடிக்கவில்லை. எடுத்துப் பார்த்தால் கம்பெனி லோகோ வருகிறது, மறைகிறது, மறுபடியும் வருகிறது. 9.30க்கு மீட்டிங். ஆபீஸ் லேப்டாப்பில் லாகின் பண்ண ஓடிபி வேண்டும். அது வருவது இந்த போனுக்குத்தான். கேப் புக் பண்ணவும் இதே போன், கீழே டீக்கடையில் 15 ரூபாய் கொடுக்கவும் இதே போன்.

நாலைந்து முறை இப்படிச் சுற்றியபின், கருப்புத் திரையில் ஆங்கிலத்தில் ஒரு செய்தி வருகிறது. ஆண்ட்ராய்டை லோடு செய்ய முடியவில்லை, உங்கள் டேட்டா கெட்டுப்போயிருக்கலாம் என்கிறது. கீழே இரண்டே வரிகள்: ‘ட்ரை அகெய்ன்’, ‘ஃபேக்டரி டேட்டா ரீசெட்’.

பெரும்பாலானோர் ஒருமுறை முதல் வரியை அழுத்திப் பார்ப்பார்கள். சரியாகவில்லை என்றால் அடுத்த அரை நிமிடத்தில் இரண்டாவதை அழுத்திவிடுவார்கள். போன் பளிச்சென்று ஆன் ஆகிவிடும். அதில் இருந்த எதுவும் இருக்காது. இந்தக் கட்டுரை அந்த அரை நிமிடத்தைப் பற்றியது.

இந்தத் திரை ஏன் வருகிறது?

இதைக் காட்டுவது ஆண்ட்ராய்டிலேயே இருக்கும் ஒரு பாதுகாப்பு ஏற்பாடு. ‘ரெஸ்க்யூ பார்ட்டி’ என்று அதற்குப் பெயர். 2017-ல் வந்த ஆண்ட்ராய்டு 8-ல் அறிமுகமானது. சிஸ்டத்தின் முக்கியமான பகுதி ஒன்று திரும்பத் திரும்ப கிராஷ் ஆனால் அது விழித்துக்கொள்ளும். முதலில் சில செட்டிங்குகளைப் பழைய நிலைக்குத் திருப்பிப் பார்க்கும். எதுவும் பலிக்கவில்லை என்றால் போனை ரெகவரி மோடுக்குக் கொண்டுவந்து, இனி முடிவை நீங்களே எடுங்கள் என்று நிற்கும்.

அதாவது, உங்கள் டேட்டா கெட்டுவிட்டது என்று போன் கண்டுபிடித்துச் சொல்லவில்லை. தன்னால் கிளம்ப முடியவில்லை, காரணம் இதுவாக இருக்கலாம் என்று ஊகிக்கிறது, அவ்ளோதான். பல நேரங்களில் டேட்டா பத்திரமாகவே இருக்கும். பழுது சிஸ்டம் பக்கமோ, ஏதாவது ஒரு ஆப் பக்கமோ இருக்கும்.

2024 அக்டோபரில் நடந்ததைப் பாருங்கள். சாம்சங்கின் ஸ்மார்ட்திங்ஸ் ஃபிரேம்வொர்க் என்ற ஆப்புக்கு வந்த ஓர் அப்டேட், கேலக்ஸி எஸ்10, நோட்10 வரிசையைச் சேர்ந்த பழைய போன்களை இப்படி லோகோவில் சுற்றவிட்டது. அந்தப் போன்களை வைத்திருந்தவர்கள் எந்தத் தப்பும் செய்யவில்லை. பின்னணியில் ஓர் ஆப் தானாக அப்டேட் ஆனது, காலையில் போன் இல்லை.

ரீசெட் செய்தால் ஏன் திரும்பக் கிடைக்காது?

‘டெலீட் ஆனதைக்கூட எடுத்துடலாம் சார், சாஃப்ட்வேர் இருக்கு’ என்று சொல்லும் கடைகள் எல்லா ஊரிலும் இருக்கின்றன. பத்துப் பன்னிரண்டு வருடம் முன்பு அதில் உண்மை இருந்தது. அப்போது ரீசெட் என்றால் பொருளடக்கப் பக்கத்தைக் கிழிப்பது மாதிரி. உள்ளே பக்கங்கள் அப்படியே கிடக்கும்.

இப்போது கதை வேறு. ஆண்ட்ராய்டு 10-உடன் வெளியான போன்களிலிருந்து, உள்ளே இருக்கும் ஒவ்வொரு ஃபைலும் என்க்ரிப்ட் செய்யப்பட்டே சேமிக்கப்படுவது கட்டாயம். ஐபோன்களில் இது அதற்கும் வெகுகாலம் முன்பிருந்தே உண்டு. ஃபைல்களைத் திறக்கும் சாவி இரண்டு விஷயங்களைச் சேர்த்து உருவாகிறது: நீங்கள் போடும் பின் அல்லது பேட்டர்ன், அந்தப் போனின் சிப்புக்குள் மட்டும் இருக்கும் ஒரு ரகசியம். ஃபேக்டரி ரீசெட் முதலில் அழிப்பது இந்தச் சாவியைத்தான். ஸ்டோரேஜில் மிச்சம் ஏதாவது கிடந்தாலும் அது அர்த்தமில்லாத எண்களின் குவியல். மெமரி சிப்பைக் கழற்றி எடுத்து வேறு மெஷினில் படித்தாலும் அதே குவியல்தான்.

அதே காரணத்தால், போன் லோகோவில் நிற்கும்போது கேபிள் போட்டு கம்ப்யூட்டரில் இணைத்தாலும் போட்டோக்கள் தெரியாது. போன் முழுசாக ஆன் ஆகி, நீங்கள் பின் போட்ட பிறகுதான் சாவி கிடைக்கும். இதிலிருந்து ஒரு விஷயம் புரியும்: டேட்டாவைக் காப்பாற்ற இருக்கும் ஒரே வழி, அதே போனை, ரீசெட் செய்யாமல், ஒரே ஒரு முறையாவது ஆன் ஆக வைப்பது. ரீசெட்டுக்குப் பிறகு ‘எடுத்துத் தரேன்’ என்று 5,000 ரூபாய் கேட்பவரிடம் பணம் கொடுக்காதீர்கள். மெமரி கார்டு மட்டும் விதிவிலக்கு. அதை போனின் இன்டர்னல் ஸ்டோரேஜோடு சேர்த்து ஃபார்மேட் செய்யாமல் இருந்தால், கழற்றி லேப்டாப்பில் போட்டாலே படிக்கலாம். முதல் வேலையாகக் கழற்றிவிடுங்கள்.

சரி, ஆன் பண்ண என்னென்ன முயற்சி செய்யலாம்?

முதலில் ஒரிஜினல் சார்ஜரில் ஒரு மணி நேரமாவது போட்டு வையுங்கள். பேட்டரி பலவீனமான போன், ஆன் ஆகும்போது தேவைப்படும் மின்சாரம் போதாமல் அணைந்து அணைந்து எழும். பார்க்க அதுவும் சிஸ்டம் பழுது மாதிரியே இருக்கும். அப்டேட்டுக்குப் பிந்தைய முதல் பூட்டிங் சில போன்களில் வழக்கத்தைவிட அதிக நேரம் எடுக்கும் என்பதையும் மறக்க வேண்டாம். லோகோ மறைந்து மறைந்து வராமல் ஒரே இடத்தில் அசையாமல் நின்றால், அரை மணி நேரம் விட்டுப் பாருங்கள்.

அடுத்தது ஃபோர்ஸ் ரீஸ்டார்ட். சாம்சங்கில் பவர் பட்டனையும் வால்யூம் டவுனையும் சேர்த்துப் பத்து விநாடி வரை பிடிக்க வேண்டும். வேறு பல ஆண்ட்ராய்டு போன்களில் பவர் பட்டனை மட்டும் 30 விநாடி பிடித்தாலே போதும். ஐபோன் 8 முதல் உள்ள மாடல்களில் வால்யூம் அப் ஒரு தட்டு, வால்யூம் டவுன் ஒரு தட்டு, பிறகு ஆப்பிள் லோகோ வரும்வரை பக்கவாட்டு பட்டனை விடாமல் பிடிப்பது. இதனால் எந்த டேட்டாவும் போகாது.

அதற்கும் மசியவில்லையா? சேஃப் மோடை முயற்சி செய்யுங்கள். லோகோ தெரியும்போது வால்யூம் டவுனை அழுத்திப் பிடித்தால், சாம்சங், பிக்சல் உட்படப் பல போன்கள் நீங்கள் இன்ஸ்டால் செய்த ஆப்கள் எதையும் ஓட்டாமல் ஆன் ஆகப் பார்க்கும். ஆகிவிட்டால் அதிர்ஷ்டம்தான். அப்போது எந்த ஆப் காரணம் என்று ஆராய்ச்சி பண்ணிக்கொண்டிருக்காதீர்கள். கேபிளை எடுத்து, போட்டோ, டாக்குமென்ட் எல்லாவற்றையும் லேப்டாப்புக்கு காப்பி பண்ணுங்கள். அடுத்த முறை ஆன் ஆகும் என்று எந்த உத்தரவாதமும் இல்லை.

கடைசியாக ரெகவரி மோட். பல போன்களில் பவரும் வால்யூம் அப்பும் சேர்த்துப் பிடித்தால் வரும். சாம்சங்கின் புதிய மாடல்களில் போனைக் கேபிளால் கம்ப்யூட்டரோடு இணைத்தால்தான் இது வேலை செய்யும். இது தெரியாமல் விரல் வலிக்க முயற்சி செய்பவர்கள் நிறைய. பிக்சலில் பவர், வால்யூம் டவுன் வழியாக ஒரு மெனு வரும், அதில் ரெகவரியைத் தேர்ந்தெடுக்க வேண்டும். உள்ளே தொடுதிரை பெரும்பாலும் வேலை செய்யாது. வால்யூம் பட்டன்தான் மேலே கீழே போக, பவர் பட்டன்தான் ஓகே.

இங்கே கவனம் தேவை. ‘ரீபூட் சிஸ்டம் நவ்’ ஆபத்தில்லாதது. ‘வைப் கேஷ் பார்ட்டிஷன்’ இருந்தால் அதையும் அழுத்தலாம். தற்காலிக ஃபைல்கள் மட்டும்தான் போகும். அதற்குப் பக்கத்திலேயே இருக்கும் ‘வைப் டேட்டா’தான் எல்லாவற்றையும் அழிப்பது. இரண்டு பெயருமே ‘வைப்’ என்றுதான் ஆரம்பிக்கும், அதுவும் சின்ன எழுத்தில். இதை இப்படி அடுத்தடுத்து வைத்தவர்களுக்கு என்ன சொல்வது!

ஐபோனில் இதற்கு இணையான இடம் கம்ப்யூட்டரில் வரும். ஃபோர்ஸ் ரீஸ்டார்ட்டுக்குச் செய்ததையே போன் கேபிளில் இருக்கும்போது செய்து, ஆப்பிள் லோகோ வந்த பிறகும் விடாமல் பிடித்தால், திரையில் கேபிள் படம் தெரியும். கம்ப்யூட்டரில் ‘அப்டேட்’, ‘ரீஸ்டோர்’ என இரண்டு பட்டன்கள் வரும். ‘அப்டேட்’ என்பது ஐஓஎஸ்ஸை மட்டும் மறுபடி ஏற்றும், டேட்டாவைத் தொடாது. ‘ரீஸ்டோர்’ எல்லாவற்றையும் அழித்துவிட்டு ஏற்றும். பேக்கப்பை ரீஸ்டோர் பண்ணப் போகிறது என்று நினைத்து அந்த இரண்டாவது பட்டனை அழுத்துபவர்கள் உண்டு. பெயர் அப்படித்தான் ஏமாற்றுகிறது. டவுன்லோடு 15 நிமிடத்துக்கு மேல் போனால் போன் தானாக அந்தத் திரையிலிருந்து வெளியே வந்துவிடும். டவுன்லோடு முடியட்டும், பிறகு மறுபடி முதலிலிருந்து செய்யுங்கள்.

சும்மா காத்திருப்பதும் ஒரு வழி

2023 அக்டோபரில் ஆண்ட்ராய்டு 14 வந்தபோது, பிக்சல் 6 முதலான போன்களில் ஒன்றுக்கு மேற்பட்ட யூசர் கணக்கு வைத்திருந்தவர்கள் மாட்டிக்கொண்டார்கள். சிலருக்குப் போன் சுற்றிக்கொண்டே இருந்தது. சிலருக்குப் போன் ஆன் ஆனாலும் உள்ளே இருந்த போட்டோக்களைத் திறக்க முடியவில்லை. கூகுள் அடுத்த மாதம் கொடுத்த அப்டேட்டில், இரண்டாவது வகையினருக்கு ரீசெட் இல்லாமலேயே ஸ்டோரேஜ் திரும்பத் திறந்தது. பொறுமை இழந்து அதற்குள் ரீசெட் செய்தவர்களுக்கு அந்த அப்டேட்டால் எந்தப் பயனும் இல்லை.

எனவே பழுது ஆன அன்றே உங்கள் மாடல் பெயரைப் போட்டுத் தேடிப் பாருங்கள். ஒரே நாளில் பலருக்கு இதே பிரச்சினை என்றால், கம்பெனியிடமிருந்து தீர்வு வர வாய்ப்பு அதிகம். பழைய போன் ஒன்றில் சிம்மைப் போட்டுக்கொண்டு ஒரு வாரம் ஓட்ட முடிந்தால் ஓட்டுங்கள்.

சர்வீஸ் சென்டர் போவதானால் இரண்டு கேள்விகளைக் கேளுங்கள். ஒன்று, ‘டேட்டாவை அழிக்காமல் சாஃப்ட்வேரை மட்டும் ஏத்த முடியுமா?’ பல மாடல்களில் முடியும். சாம்சங் போன்களுக்கான மென்பொருள் தொகுப்பில், டேட்டாவை விட்டுவைக்க ஒரு ஃபைல், அழிக்க இன்னொரு ஃபைல் என்று தனித்தனியாகவே இருக்கின்றன. இரண்டு, ‘போர்டை மாத்தப் போறீங்களா?’ சாவியின் ஒரு பாதி சிப்புக்குள் இருப்பதால், போர்டு மாறினால் டேட்டாவும் போய்விடும். நான் ஒருமுறை போனைக் கொடுக்கப் போனபோது, கவுன்டரில் இருந்தவர் டேட்டா போனால் நாங்கள் பொறுப்பல்ல என்ற படிவத்தை நீட்டி, பேச்சோடு பேச்சாகக் கையெழுத்து வாங்கிக்கொண்டார். இந்த இரண்டு கேள்வியும் அன்று எனக்குத் தெரிந்திருக்கவில்லை.

ரீசெட்தான் வழி என்றாகிவிட்டால்

அப்போதும் உடனே அழுத்த வேண்டாம். வேறொரு போனிலோ லேப்டாப்பிலோ உங்கள் கூகுள் கணக்கில் நுழைய முடிகிறதா என்று முதலில் பாருங்கள். இது ஏன் முக்கியம்? ரெகவரி மோடில் ரீசெட் செய்த ஆண்ட்ராய்டு போன், பழைய கூகுள் கணக்கையோ பழைய திரைப் பூட்டையோ சரிபார்க்காமல் திறக்காது. திருட்டைத் தடுக்க வைத்த பூட்டு இது, ஆண்ட்ராய்டு 5.1-லிருந்தே இருக்கிறது. ஐபோனில் இதே வேலையை ஆக்டிவேஷன் லாக் செய்கிறது. பாஸ்வேர்டு மறந்து இப்போதுதான் புதிதாக மாற்றினீர்கள் என்றால், 24 மணி நேரம் கழித்து ரீசெட் செய்யச் சொல்கிறது கூகுள்.

லாகின் செய்யப் போனால், ‘உங்கள் போனில் ஆம் என்று அழுத்துங்கள்’ என்று கேட்கும். அந்தப் போன்தான் செத்துக் கிடக்கிறதே! வேறு வழியில் சரிபார்க்கும் ஆப்ஷனைத் தேர்ந்தெடுத்து, சிம்மை இன்னொரு போனில் போட்டு எஸ்எம்எஸ் மூலம் ஓடிபி வாங்குங்கள். இ-சிம் வைத்திருப்பவர்களுக்கு இங்கேதான் சிக்கல், கழற்ற முடியாதே. ஆபரேட்டரின் கடைக்குப் போய் சாதாரண சிம்மாக மாற்றலாம். ஆனால் சிம் மாற்றினால் முதல் 24 மணி நேரம் எஸ்எம்எஸ் வேலை செய்யாது. சிம் ஸ்வாப் மோசடிக்கு எதிராகத் தொலைத்தொடர்புத் துறை வைத்த விதி. அந்த ஒரு நாள் வங்கி ஓடிபியும் கிடையாது என்று கணக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

உள்ளே நுழைந்த பிறகு பேக்கப்பைத் தேடுங்கள். பேக்கப் என்று ஒரே பெட்டி எதுவும் இல்லை. நாலைந்து இடத்தில் சிதறிக் கிடக்கும். கான்டாக்ட்ஸ் ஒரு பக்கம், போட்டோஸ் ஒரு பக்கம், போனின் செட்டிங், எஸ்எம்எஸ், ஆப் டேட்டா எல்லாம் கூகுள் டிரைவின் ஸ்டோரேஜ் பக்கத்தில் ‘பேக்கப்ஸ்’ என்ற பெயரில். தேதியைப் பாருங்கள். கூகுள் தரும் இலவச இடம் 15 ஜிபி. அது நிரம்பிய நாளில் பேக்கப் நின்றிருக்கும், அந்த நோட்டிஃபிகேஷனை நீங்கள் தள்ளிவிட்டிருப்பீர்கள். ஐகிளவுடில் இலவசம் 5 ஜிபிதான், இன்னும் சீக்கிரம் நிரம்பும். அலமாரியில் கிடக்கும் பழைய போனின் பேக்கப்பை நம்பியிருந்தால், 57 நாள் பயன்படுத்தாத போனின் பேக்கப்பை கூகுள் நீக்கிவிடலாம் என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள்.

பலர் ஏமாறும் இடம் வாட்ஸ்அப்பில் வந்த படங்கள். கேமராவில் எடுத்தவை கூகுள் போட்டோஸில் போகும். வாட்ஸ்அப் ஃபோல்டரை நீங்களாக ஆன் செய்திருந்தால் தவிர அது போகாது. தங்கச்சி கல்யாணத்தில் மாமா எடுத்து அனுப்பிய படங்கள் எல்லாம் அந்த ஃபோல்டரில்தான் இருக்கும்.

ரீஸ்டோர் செய்யும்போது

செட்அப் திரையில் அவசரமாக ‘ஸ்கிப்’ அழுத்தாதீர்கள். பேக்கப்பை எடுக்கச் சரியான நேரம் அதுதான். ஐபோனில் அந்தத் திரையைத் தாண்டிவிட்டால், மறுபடி முழுசாக அழித்துவிட்டுத்தான் திரும்ப அங்கே வர முடியும். ஆண்ட்ராய்டு பேக்கப்பைத் திறக்கப் பழைய போனின் பின் அல்லது பேட்டர்னைக் கேட்கும்; புதிதாகப் போட்டதை அல்ல. கைரேகையிலேயே பழகி பின்னை மறந்தவர்கள் இங்கே தடுமாறுவார்கள். அவசரத்துக்குப் பழைய போன் ஒன்றில் ரீஸ்டோர் செய்ய நினைத்தால் இன்னொரு தடை: புதிய ஆண்ட்ராய்டு பதிப்பில் எடுத்த பேக்கப், பழைய பதிப்பில் இறங்காது. ஐஓஎஸ்ஸிலும் அப்படியே.

வாட்ஸ்அப்பில் அதே நம்பர், அதே கூகுள் கணக்கு இரண்டும் வேண்டும். நம்பரைச் சரிபார்த்த உடனே ‘ரீஸ்டோர்’ கேட்கும். அதைத் தவறவிட்டு நாலு பேரிடம் சாட் பண்ண ஆரம்பித்தால் வம்பு. அன்றிரவே புது பேக்கப் எடுக்கப்பட்டு, பழையதன் இடத்தைப் பிடித்துவிடலாம். தவறவிட்டது தெரிந்தால் உடனே ஆப்பை நீக்கிவிட்டு மறுபடி இன்ஸ்டால் செய்யுங்கள். பேக்கப்புக்கு எண்ட்-டு-எண்ட் என்க்ரிப்ஷன் போட்டு, 64 இலக்கச் சாவியையோ பாஸ்வேர்டையோ தொலைத்திருந்தால், அதை வாட்ஸ்அப்பாலும் திறக்க முடியாது.

ஆப்கள் எல்லாம் திரும்ப வரும், ஆனால் உள்ளே இருந்தவை எல்லாம் வராது. ஆண்ட்ராய்டின் தானியங்கி பேக்கப் ஓர் ஆப்புக்கு 25 எம்பி வரைதான் எடுக்கும்; வங்கி ஆப்கள் பாதுகாப்புக்காக இதிலிருந்து விலகிக்கொள்வது வழக்கம். யுபிஐ ஆப் போனோடும் சிம்மோடும் கட்டப்பட்டது. வங்கியில் பதிந்த சிம்மிலிருந்து எஸ்எம்எஸ் அனுப்பி மறுபடி பதிவு செய்ய வேண்டும். பணம் வங்கியில்தான் இருக்கிறது, பதற வேண்டாம். முதல் நாளில் அனுப்பும் தொகைக்குப் பல வங்கிகள் குறைந்த வரம்பு வைத்திருக்கும், வாடகை கட்டும் தேதியாக இருந்தால் வீட்டு ஓனரிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

ஆபீஸ் லாகினுக்கான ஆத்தென்டிகேட்டர் கோடுகள் தனி. கூகுள் ஆத்தென்டிகேட்டர் 2023 ஏப்ரலிலிருந்து கணக்கோடு சிங்க் ஆகிறது. அதை ஆன் செய்திருந்தால் பிழைத்தீர்கள். ஆபீஸ் கணக்குகளுக்கு பெரும்பாலும் ஐடி டீமைக் கூப்பிட்டு மறுபடி பதிவு செய்யத்தான் வேண்டியிருக்கும். ஆபீஸ் ஃபைல்கள் இருக்கும் வொர்க் ப்ரொஃபைலும் உங்கள் சொந்த பேக்கப்பில் வராது.

போன் நல்லா இருக்கும்போதே

இதைப் படிக்கும் போன் இப்போது வேலை செய்கிறது என்றால், கூகுள் கணக்கின் செக்யூரிட்டி பக்கத்தில் ‘பேக்கப் கோட்ஸ்’ என்று இருக்கும். எட்டு இலக்க எண்கள் பத்து. போன் இல்லாமலே லாகின் செய்ய உதவும். ஒவ்வொன்றும் ஒருமுறைதான் செல்லும். பேப்பரில் எழுதி வீட்டில் வையுங்கள், போனில் ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்தால் பிரயோஜனம் இல்லை. பிறகு வாட்ஸ்அப்பில் கடைசி பேக்கப் தேதியைப் பாருங்கள். அது போன மாதத்தில் நிற்கிறது என்றால் இடம் நிரம்பியிருக்கலாம். 2024-லிருந்து வாட்ஸ்அப் பேக்கப்பும் அந்த 15 ஜிபியில்தான் கழிகிறது.

அடுத்த முறை ஊருக்குப் போகும்போது அப்பா, அம்மா போனையும் வாங்கிப் பாருங்கள். பல வீடுகளில் அந்த ஜிமெயில் ஐடியை உருவாக்கியது, போன் வாங்கிய கடையில் இருந்த பையன். பாஸ்வேர்டு அவனுக்கும் ஞாபகம் இருக்காது. செட்டிங்ஸில் என்ன கணக்கு என்று பார்த்து, பாஸ்வேர்டை மாற்றி, மீட்பு எண்ணாக உங்கள் நம்பரைச் சேர்த்துவிட்டு வாருங்கள். பத்து நிமிடம் ஆகும்.